காய்ந்த ரொட்டியை நனைப்பது எப்படி: துருக்கியின் பழைய ரொட்டி உணவுகளுக்கு ஒரு முழு வழிகாட்டி

முதன்முதலாகத் திரித் (ரொட்டித் துண்டுகள் மேல் கறிச்சாற்றை ஊற்றிச் செய்யும் துருக்கி உணவு) செய்தபோது நான் செய்த தப்பு, அன்று காலையில் வாங்கிய புத்தம் புது ரொட்டியைப் போட்டதுதான். கொதிக்கும் ஆட்டெலும்புச் சாற்றை மேலே ஊற்றிய அடுத்த நிமிடம் தட்டில் ரொட்டி இல்லை, களிதான் இருந்தது. இஸ்தான்புல்லில் நான் குடியிருந்த கட்டடத்தின் கீழ்வீட்டு தெய்ஸே (அம்மாவின் அக்கா தங்கையை அழைக்கும் சொல், ஆனால் வயதான பெண்கள் எல்லோருமே அங்கே தெய்ஸேதான்) அதை எட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டது ஒரே கேள்வி: "பயாத் போடலையா?"

பயாத் என்றால் பழையது. பயாத் எக்மெக் என்றால் நேற்றோ முந்தாநாளோ வாங்கி, காய்ந்து விறைத்த ரொட்டி. அன்றைக்குப் புரிந்தது: வீணாகப் போகிறதே என்று கண்டுபிடித்த சமாளிப்புகள் என்று நான் நினைத்திருந்த இந்த உணவுகள், பழைய ரொட்டி இல்லாவிட்டால் வரவே வராது. ஒவ்வொன்றும் வேறுபடுவது ஒரே இடத்தில்தான். காய்ந்த ரொட்டியை எதில் நனைக்கிறோம், எவ்வளவு சூட்டில், எவ்வளவு நேரம். அதனால் இந்த வழிகாட்டியையும் அந்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

முதலில் ரொட்டி

ரொட்டி கெட்டியாவது ஈரம் போவதால் மட்டும் இல்லை. வேகும்போது தண்ணீரைக் குடித்து உப்பிய மாவுச்சத்து, ஆறிய பிறகு கொஞ்சம் கொஞ்சமாக மறுபடி இறுகிக்கொள்கிறது. ஃபிரிட்ஜில் வைத்த சோறு விறைப்பதும் இதே சங்கதிதான். அந்தக் குளிரில் இந்த இறுக்கம் இன்னும் வேகமாக நடக்கும், அதனால் சாப்பிட வைத்திருக்கும் ரொட்டியை ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள், துண்டு போட்டு ஃபிரீஸரில் வையுங்கள். நமக்கு இங்கே வேண்டியது அந்த இறுக்கமேதான். இறுகிய ரொட்டி சாற்றைக் குடித்தாலும் உருவம் குலையாமல் நிற்கும், புது ரொட்டி கரைந்துவிடும்.

துருக்கியின் அன்றாட ரொட்டி மாவு, தண்ணீர், உப்பு, ஈஸ்ட் அவ்வளவுதான். வெளியே மொறுமொறு ஓடு, உள்ளே வெள்ளைப் பஞ்சு. ஆகவே நம் ஊர்ப் பேக்கரிகளில் பாக்கெட்டில் வரும், பாலும் சர்க்கரையும் சேர்த்த மெத்து மெத்தென்ற பிரெட் இதற்கு ஆகாது, தித்திப்பும் கெடுக்கும். யாழ்ப்பாணத்திலோ கொழும்பிலோ இருக்கிறீர்கள் என்றால் கவலையே இல்லை, ரோஸ்ட் பாண் நன்றாகவே பொருந்தும். பாண்டிச்சேரிப் பக்கம் பாகெட் கிடைக்கும். மற்றவர்கள் இனிப்பில்லாத, ஓடு உள்ள ரொட்டியாகத் தேடுங்கள்.

ஒரு நாள் அல்லது இரண்டு நாள் பழையது போதும். அவசரம் என்றால் 2 செ.மீ. துண்டுகளாக வெட்டி, 150 டிகிரி அவனில் 15 முதல் 20 நிமிடம் காய வையுங்கள். நிறம் மாறத் தேவையில்லை, உள்ளே வரை உலர்ந்தால் சரி. அவன் இல்லையா, கனமான தோசைக்கல்லில் மிகச் சிறு தீயில் புரட்டிப் புரட்டி எடுக்கலாம்.

ஒன்று மட்டும் கண்டிப்பு. பழையது வேறு, கெட்டது வேறு. பூஞ்சணம் ஒரு புள்ளி தெரிந்தாலும் அந்த இடத்தை மட்டும் கிள்ளிவிட்டுப் பயன்படுத்தாதீர்கள், முழுதாக எறிந்துவிடுங்கள். ரொட்டி பஞ்சு போன்றது, கண்ணுக்குத் தெரியாத இழைகள் உள்ளே ஓடியிருக்கும்.

எறிவது என்று எளிதாக எழுதிவிட்டேன், துருக்கிக்காரர்களுக்கு அது அத்தனை எளிதில்லை. ரொட்டியை அவர்கள் நிமெட் என்கிறார்கள், இறைவன் கொடுத்த அருள் என்ற பொருளில். தெருவில் ஒரு துண்டு கிடந்தால் எடுத்து முத்தமிட்டு, நெற்றியில் ஒற்றி, யாரும் மிதிக்காதபடி மதில் மேலோ ஜன்னல் விளிம்பிலோ வைத்துவிட்டுப் போகும் வழக்கம் இன்றும் உண்டு. குப்பைத் தொட்டிக்குப் பக்கத்தில், அதன் உள்ளே இல்லாமல், ரொட்டி நிறைந்த பைகள் தனியே தொங்கும். மாடு, பறவை வைத்திருப்பவர்கள் எடுத்துக்கொள்வார்கள். அப்படியிருந்தும் ரொட்டி வீணாவது பெரிய பிரச்சினையாகி, 2013-இல் அரசின் தானியக் கொள்முதல் நிறுவனமே நாடு முழுக்க ரொட்டி வீணாக்காதீர்கள் என்று இயக்கம் நடத்தியது.

கொதிக்கும் சாற்றில் நனைப்பது: திரித்

பெயர் அரபியின் தரீத் என்பதிலிருந்து வந்தது. ஹதீஸ் படித்தவர்களுக்குத் தெரிந்திருக்கும், மற்ற உணவுகளைவிடச் சிறந்ததாக நபிகள் சொன்ன அதே தரீத். அனடோலியா முழுக்க ஊருக்கு ஒரு திரித் உண்டு. சாம்சுனில் கூஸ் என்னும் பெருவாத்தின் கறிச் சாற்றில் யூஃப்கா என்னும் மெல்லிய ரொட்டியை நனைப்பார்கள். நான் இங்கே சொல்லப்போவது கொன்யா பாணியை ஒட்டியது, தயிரும் சுமாக்கும் சேர்ந்தது. நான்கு பேருக்கு:

எலும்போடு ஆட்டுக்கறி 750 கிராம், காய்ந்த ரொட்டி 300 கிராம், கெட்டித் தயிர் 400 கிராம், பூண்டு 2 பல், வெண்ணெய் 60 கிராம், வெங்காயம் 2, பிரிஞ்சி இலை 1, மிளகு 8, பார்ஸ்லி ஒரு கைப்பிடி, சுமாக் 2 டீஸ்பூன், புல் பிபெர் 1 டீஸ்பூன்.

சுமாக் என்பது ஒரு புளிப்புக் காயை உலர்த்தி இடித்த கருஞ்சிவப்புப் பொடி. கிடைக்காவிட்டால் எலுமிச்சை பிழிந்துகொள்ளலாம், சுவை வேறாகத்தான் இருக்கும். புல் பிபெர் எண்ணெய்ப் பசையுள்ள மிளகாய்ச் செதில். காரம் குறைந்த காஷ்மீரி மிளகாயைக் கரகரப்பாக இடித்துப் போட்டால் ஏறத்தாழ அதே வேலை செய்யும்.

1. கறியைக் கழுவி 2 லிட்டர் குளிர்ந்த தண்ணீரில் போட்டு அடுப்பில் ஏற்றுங்கள். நுரை திரண்டு வரும்போது பொறுமையாக வழித்து எடுங்கள், இதைத் தவிர்த்தால் சாறு கலங்கிப்போகும். பிறகு ஒரு வெங்காயம், பிரிஞ்சி இலை, மிளகு போட்டுச் சிறு தீயில் இரண்டரை மணி நேரம். குக்கரில் என்றால் தண்ணீரை ஒன்றரை லிட்டராகக் குறைத்து 40 நிமிடம்.

2. கறி எலும்பிலிருந்து தானாகக் கழன்று வரும்போது எடுத்து நார் நாராகப் பிய்த்துக்கொள்ளுங்கள். சாற்றை வடிகட்டி, இப்போதுதான் உப்புப் போட வேண்டும். ரொட்டியிலும் உப்பு இருக்கிறது, தயிரிலும் வரப்போகிறது, ஆகவே சாறு ஒரு மட்டு குறைவாகவே இருக்கட்டும்.

3. தயிரில் பூண்டை நசுக்கிப் போட்டு உப்புச் சேர்த்து அடித்து, அறைச் சூட்டுக்கு வரும்வரை வெளியே வையுங்கள். ஃபிரிட்ஜிலிருந்து நேரே எடுத்து ஊற்றினால் மொத்தத் தட்டும் ஆறிவிடும்.

4. இரண்டாவது வெங்காயத்தை மெல்லிய பிறையாக அரிந்து, சிட்டிகை உப்பும் சுமாக்கும் தூவிக் கையால் பிசைந்து, பார்ஸ்லியைக் கலந்து வையுங்கள்.

5. அகலமான, கொஞ்சம் குழிந்த தாம்பாளத்தில் ரொட்டித் துண்டுகளை ஓரடுக்காகப் பரப்புங்கள். சாறு தளதளவென்று கொதிக்க வேண்டும். ஒரு கரண்டி ஊற்றுங்கள், நில்லுங்கள், ரொட்டி குடிக்கட்டும், அடுத்த கரண்டி. மொத்தம் 500 முதல் 600 மி.லி. போகும். விரலால் அழுத்தினால் அமுங்க வேண்டும், ஆனால் துண்டு துண்டாகத் தெரிய வேண்டும். அடியில் குளம் கட்டினால் அதிகம்.

6. தயிர், அதன் மேல் கறி, நடுவில் வெங்காயம். வெண்ணெயை உருக்கி, நுரை அடங்கி நெய் மணம் வரும்போது அடுப்பை அணைத்து, புல் பிபெரைப் போட்டுச் சுழற்றி உடனே மேலே ஊற்றுங்கள். அடுப்பை அணைக்காமல் போட்டால் மிளகாய் கருகிக் கசந்துவிடும்.

உடனே சாப்பிட வேண்டும், பத்து நிமிடம் காத்திருந்தால் நான் முதலில் சொன்ன களிதான். துருக்கியில் மிகவும் தளர்ந்துபோன கிழவரைத் "திரித் போல" என்பார்கள், ஊறிப்போன ரொட்டியை நினைத்துப் பாருங்கள், ஏன் என்று புரியும்.

புர்சா நகரத்தின் புகழ்பெற்ற இஸ்கெந்தெர் கெபாபும் என் கண்ணுக்குத் திரித்தின் உறவுக்காரன்தான். அடியில் பிதே ரொட்டித் துண்டுகள், மேலே தோனெர், அதாவது செங்குத்துக் கம்பியில் சுழற்றிச் சுட்டுச் சீவிய கறி, தக்காளிச் சாறு, உருக்கிய வெண்ணெய், பக்கத்தில் தயிர். கடைக்குப் போய்ச் சாப்பிட வேண்டியது, வீட்டில் முயல வேண்டாம்.

கறி இல்லாத நாளுக்கு: பாபாரா

இது ஏழை வீட்டுத் திரித். 200 கிராம் காய்ந்த ரொட்டியைத் தட்டில் பரப்புங்கள். ஒரு வெங்காயத்தைப் பொடியாக அரிந்து 40 கிராம் வெண்ணெயில் பொன்னிறமாக வதக்கி, ஒரு மேசைக்கரண்டி சல்ச்சா, அதாவது கெட்டியான தக்காளி விழுது, சேர்த்து எண்ணெய் பிரியும்வரை கிளறி, 400 மி.லி. தண்ணீர் விட்டு ஐந்து நிமிடம் கொதிக்க விடுங்கள். ரொட்டி மேல் ஊற்றி, பூண்டுத் தயிரோ உதிர்த்த வெள்ளைப் பாலாடைக்கட்டியோ போட்டால் முடிந்தது. அந்தக் கட்டிக்கு அவர்கள் சொல்லும் பெயர் பெய்னிர். நம் பனீரும் அதுவும் ஒரே பாரசீகச் சொல்லின் பிள்ளைகள், ஆனால் பெய்னிர் உப்பு நீரில் ஊறியது, ஆகவே பனீரைப் போட்டால் உப்பைக் கூட்டிக்கொள்ளுங்கள்.

"பாபாரா சாப்பிட்டேன்" என்று ஒரு துருக்கிக்காரர் சொன்னால் மட்டும் உடனே செய்முறை கேட்டுவிடாதீர்கள். செம்மையாக வாங்கிக் கட்டிக்கொண்டேன், திட்டு விழுந்தது என்று அர்த்தம்.

தோய்த்துச் சுடுவது: உஸ்லமா கோஃப்தே

துருக்கியில் எழுதும்போது பெயரின் முதல் எழுத்து புள்ளியில்லாத ஐ (ı). ஐரோப்பியர்கள் அதைச் சொல்லத் திணறுவார்கள், நமக்கோ வீட்டு எழுத்து: "அது", "பாட்டு" என்ற சொற்களின் கடைசியில் வாயைக் குவிக்காமல் சொல்கிறோமே, அந்தக் குற்றியலுகரம்தான். உஸ்லமா என்றால் நனைத்தல். சகார்யா மாகாணத்தின் அடாபசாரி நகரத்துக்காரர்கள் இதைத் தங்கள் ஊர்ப் பெருமையாக வைத்திருக்கிறார்கள்.

இதில் காய்ந்த ரொட்டி இரண்டு முறை வருகிறது. முதலில் கோஃப்தே உருண்டைக்குள். 500 கிராம் கொத்துக்கறிக்கு (கொழுப்பு ஐந்தில் ஒரு பங்காவது இருக்கட்டும், வெறும் சதையாக வாங்கினால் செருப்புத் தோல்தான்) ஓடு நீக்கிய காய்ந்த ரொட்டி 70 கிராம். ரொட்டியைத் தண்ணீரில் இரண்டு நிமிடம் ஊறவைத்து, கைக்குள் வைத்துச் சொட்டு நீர் இல்லாமல் பிழிந்து உதிருங்கள். வெங்காயம் ஒன்றைத் துருவி அதன் சாற்றையும் பிழிந்து எடுத்துவிட்டுச் சக்கையைச் சேர்க்க வேண்டும். உப்பு ஒன்றரை டீஸ்பூன், மிளகுத்தூள் அரை, சீரகத்தூள் அரை. இனி பத்து நிமிடம் பிசைய வேண்டும், சப்பாத்தி மாவு பிசைவதுபோல அடித்து மடித்து. கறி கையில் ஒட்டும் பசையாக மாறினால் சரி. மூடி இரண்டு மணி நேரம் ஃபிரிட்ஜில். முட்டை தேவையில்லை. கறி வேகும்போது விடும் சாற்றை இந்த ரொட்டி பிடித்து வைத்துக்கொள்கிறது, கோஃப்தே மிருதுவாக இருப்பதற்கு அதுதான் காரணம்.

அடுத்தது வெளியே. எலும்புச் சாறு 300 மி.லி. எடுத்து, அதில் ஒரு மேசைக்கரண்டி வெண்ணெய், ஒரு டீஸ்பூன் சல்ச்சா, மிளகாய்த் தூள் சேர்த்துக் கொதிக்க வைத்து அகலத் தட்டில் ஊற்றுங்கள். ரொட்டியை 2 செ.மீ. கனத்தில் வில்லைகளாக அறுத்து, ஒரு பக்கம் இரண்டு நொடி, மறுபக்கம் இரண்டு நொடி. அவ்வளவுதான், அதற்கு மேல் வைத்தால் எடுக்கும்போதே உடையும். நேராகத் தணலுக்கோ நன்றாகக் காய்ந்த இரும்புக் கல்லுக்கோ போகட்டும். வெளிப்பக்கம் மறுபடி மொறுமொறுக்க வேண்டும், நடுவில் சாறு சிக்கியிருக்க வேண்டும். பக்கத்திலேயே கோஃப்தேயைத் தட்டிச் சுட்டு, ரொட்டியின் மேல் அடுக்கி, சுட்ட தக்காளியும் பச்சை மிளகாயும் வைத்துப் பரிமாறுங்கள்.

இந்த வழிகாட்டியில் ஒன்றே ஒன்றைத்தான் செய்து பார்ப்பேன் என்றால், இதைச் செய்யுங்கள்.

முட்டையில் தோய்ப்பது: யுமுர்தாலி எக்மெக்

காலைச் சாப்பாடு. 3 முட்டை, 60 மி.லி. பால், உப்பு அடித்து, ஆறு வில்லைகளைத் தோய்த்து, சூரியகாந்தி எண்ணெயில் பக்கத்துக்கு இரண்டு நிமிடம். சர்க்கரை போட மாட்டார்கள், பெய்னிரும் கட்டன் தேநீரும்தான் துணை. ரொட்டி கல்லாகிவிட்டதென்றால் முதலில் பாலில் ஒரு முறை முக்கி எடுத்துப் பிறகு முட்டைக்குப் போங்கள், இல்லாவிட்டால் முட்டை மேலேயே நின்று உள்ளே வறட்டென்று இருக்கும்.

அரைத்துக் கரைப்பது: தாராதோர், செர்கெஸ் தாவூ

இதுவரை ரொட்டி குலையக் கூடாது என்றேன், இனிமேல் குலைய வேண்டும். நாம் குழம்பைக் கெட்டியாக்கத் தேங்காய் அரைத்து விடுகிற இடத்தில் அவர்கள் வால்நட்டும் காய்ந்த ரொட்டியும் அரைத்து விடுகிறார்கள்.

தாராதோர் எளியது. இஸ்தான்புல்லில் பொரித்த சிப்பிக்கும் கணவாய்க்கும் தொட்டுக்கொள்ள வருவது. வால்நட் 100 கிராம், ஊறப் போட்டுப் பிழிந்த ரொட்டி 60 கிராம், பூண்டு 2 பல், உப்பு, எலுமிச்சைச் சாறு 2 மேசைக்கரண்டி, ஆலிவ் எண்ணெய் 80 மி.லி. வால்நட்டையும் பூண்டையும் உரலில் இடித்து, ரொட்டியைச் சேர்த்து மசித்து, எண்ணெயைச் சிறுகச் சிறுக விட்டுக் குழைத்து, கடைசியில் எலுமிச்சை. கெட்டியாகத் தோன்றினால் தண்ணீர் ஒரு கரண்டி. மிக்ஸியில் அரைப்பவர்கள் விட்டு விட்டு ஓட்டுங்கள், சூடேறினால் வால்நட் எண்ணெய் கக்கிவிடும்.

செர்கெஸ் தாவூ என்றால் செர்கேசியர் கோழி. 1864-இல் ரஷ்யப் பேரரசு காகசஸ் மலைகளைப் பிடித்தபோது அங்கிருந்து விரட்டப்பட்ட செர்கேசியர்களில் மிகப் பெரும்பாலோர் உஸ்மானிய நாட்டுக்குள்தான் வந்து சேர்ந்தார்கள். அவர்கள் பெயரைச் சுமக்கும் இந்த உணவு பிறகு இஸ்தான்புல் விருந்து மேசைகளில் ஏறிவிட்டது. குளிர்ச்சியாகப் பரிமாறுவது.

1. ஒரு கிலோ கோழியை வெங்காயம், கேரட், பிரிஞ்சி இலையோடு மூழ்கும் அளவு தண்ணீரில் 50 நிமிடம் மெதுவாக வேக வையுங்கள். சாற்றிலேயே ஆற விடுங்கள், வெளியே எடுத்து ஆற்றினால் கறி வறண்டுபோகும். தோலும் எலும்பும் நீக்கி மெல்லிய நாராகப் பிய்த்துக்கொள்ளுங்கள்.

2. ஓடு நீக்கிய காய்ந்த ரொட்டி 120 கிராமை இளஞ்சூட்டுச் சாறு 200 மி.லி.யில் ஊற வையுங்கள். பிழிய வேண்டாம்.

3. வால்நட் 200 கிராமை நைசாக அரைத்து, ஒரு டீஸ்பூன் மிளகாய்ச் செதிலோடு கலந்து, மெல்லிய துணியில் கட்டி இறுக்கிப் பிழிந்தால் செக்கச்செவேலென்று இரண்டு ஸ்பூன் எண்ணெய் வரும். பழைய ஆட்கள் இப்படித்தான் செய்வார்கள். கை வலிக்கும். பொறுமை இல்லாதவர்கள் கொஞ்சம் எண்ணெயைச் சூடாக்கி மிளகாய்ச் செதிலைப் போட்டுத் தனியே வைத்துக்கொள்ளலாம், நானும் பெரும்பாலும் அதைத்தான் செய்கிறேன்.

4. ஊறிய ரொட்டி, வால்நட், பூண்டு 3 பல், உப்பு எல்லாவற்றையும் சேர்த்து அரைத்து, சாறு இன்னொரு 150 முதல் 200 மி.லி. வரை விட்டு இட்லி மாவைவிடத் தளர்வாகக் கொண்டுவாருங்கள். ஆறும்போது ரொட்டி இழுத்துக் கெட்டியாகிவிடும், ஆகவே இப்போது "தண்ணியா இருக்கே" என்று தோன்றுவதுதான் சரியான பதம்.

5. பாதியைக் கோழியோடு பிசறித் தட்டில் குவித்து, மீதியை மேலே பூசி, சிவப்பு எண்ணெயைச் சொட்டுங்கள். இரண்டு மணி நேரம் குளிர வைத்துப் பரிமாறலாம்.

காஸியான்தெப், அன்தாக்யா பக்கத்து முஹம்மராவும் இதே குடும்பம்தான். ரொட்டித் தூள், வால்நட், சிவப்பு மிளகாய் விழுது, மாதுளைப் பாகு. தாராதோர் கை வந்துவிட்டால் அதுவும் வரும்.

பாகில் ஊற வைப்பது: விஷ்னேலி எக்மெக் தாட்லிசி

விஷ்னே என்பது புளிப்புச் செர்ரி. பெயரின் நேர்ப்பொருள் செர்ரி ரொட்டி இனிப்பு. அஃபியோன் ஊரின் எக்மெக் கடாயுஃபியோடு இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம், அதற்கென்றே தனியாகச் சுட்டு உலர்த்திய ரொட்டி கடையில் விற்கிறது, வீட்டு மிச்சத்தில் செய்வதில்லை.

எட்டு வில்லை ரொட்டியின் ஓரத்தை நீக்கி (எறியாதீர்கள்), வெண்ணெய் தடவி, 160 டிகிரியில் இருபுறமும் பொன்னிறமாகி முழுக்க உலரும்வரை, ஏறத்தாழ 20 நிமிடம் வையுங்கள். கொட்டை நீக்கிய விஷ்னே 500 கிராம், சர்க்கரை 300 கிராம், தண்ணீர் 400 மி.லி. சேர்த்துப் பத்துப் பன்னிரண்டு நிமிடம் கொதிக்க விடுங்கள். கம்பிப் பதம் தேவையில்லை. பாகு தண்ணீர் போல ஓட வேண்டும், கெட்டியான பாகை ரொட்டி குடிக்காது. புளிப்புச் செர்ரி கிடைக்காதவர்கள் புளிப்புள்ள பிளம்ஸ் போடலாம், இனிப்புச் செர்ரிதான் இருக்கிறது என்றால் அரை எலுமிச்சை பிழியுங்கள்.

அகலமான வாணலியில் ரொட்டியை நெருக்கமாக அடுக்கி, கொதிக்கும் பாகையும் பழத்தையும் மேலே ஊற்றி, மிகச் சிறு தீயில் எட்டு நிமிடம், நடுநடுவே கரண்டியால் பாகை அள்ளி மேலே விட்டுக்கொண்டே இருங்கள். புரட்ட வேண்டாம், உடையும். நன்றாக ஆறிய பிறகு கைமாக்கோடு, அதாவது எருமைப்பால் ஏட்டோடு, பரிமாறுவார்கள். வீட்டில் பாலை நன்றாகக் காய்ச்சி ஆற வைத்து எடுத்த ஏடு போதும். அதற்கு மேல் எதுவும் தூவ வேண்டாம், விஷ்னேயின் புளிப்பும் ஏட்டின் கொழுப்புமே அதன் அழகு.

வெட்டி வைத்த ஓரங்களை அதே அவனில், சூடு தணியும்போது உள்ளே தள்ளிவிடுங்கள். மறுநாள் காலை கையால் நொறுக்கும் பதத்தில் இருக்கும். அரைத்து ஈரமில்லாத பாட்டிலில் போட்டு வைத்தால் ஒரு மாதம் வரும், அடுத்த முஹம்மராவுக்கும், மீன் பொரிக்கும்போது மேலே புரட்டுவதற்கும்.